பாதி எனக்கு, பாதி உனக்கு: 'ஹனிலேண்ட்' ஆவணப்படம்

சுற்றுச்சூழல் பற்றிக் கட்டுரை எழுதச் சொன்னால், என் படிவம் 5 மாணவர்கள் பலர் 'மரம் நடுவோம், பூமியைக் காப்போம்' என்று முடித்துவிடுவார்கள். தவறில்லை. ஆனால், படிக்கிறவருக்கு எதுவும் உறைக்காது. உறைக்கும்படி சொல்வது எப்படி? 'ஹனிலேண்ட்' பாருங்க.

தமாரா கோதெவ்ஸ்கா, லியூபோமிர் ஸ்தெஃபானோவ் இருவரும் இயக்கி 2019இல் வெளிவந்த படம் இது. வட மாசிடோனியாவில், ஊரே காலியாகிவிட்ட ஒரு மலைக் கிராமம். அங்கே ஹதீஜே என்ற பெண், படுத்த படுக்கையான தாயோடு வாழ்கிறார். தேன் எடுத்துச் சந்தையில் விற்கிறார். அவருக்கு ஒரே விதிதான்: தேனில் பாதி எனக்கு, பாதி தேனீக்களுக்கு.

பக்கத்தில் ஒரு குடும்பம் வந்து குடியேறுகிறது. பிள்ளைகள் நிறைய, வருமானம் குறைவு. குடும்பத் தலைவர் ஹுசேனும் தேனீ வளர்க்கத் தொடங்க, ஹதீஜே தம் விதியைச் சொல்லிக் கொடுக்கிறார். ஆனால், வியாபாரி அதிகம் கேட்கிறார். ஹுசேன் தேனை வழித்தெடுத்துவிடுகிறார். உணவிழந்த அவருடைய தேனீக்கள் ஹதீஜேவின் கூடுகளைத் தாக்குகின்றன. அவ்வளவுதான் கதை. இயற்கைச் சமநிலை எவ்வளவு சுலபமாக உடையும் என்பதற்கு இதைவிடத் தெளிவான விளக்கம் வேணுமா?

படத்தில் விளக்கவுரை கிடையாது. மூன்று ஆண்டுகளில் ஏறக்குறைய 400 மணி நேரக் காட்சிகளை எடுத்திருக்கிறார்கள். அங்குள்ளவர்கள் பேசும் துருக்கிய மொழி இயக்குநர்களுக்குத் தெரியாது. அதனால் முகத்தையும் கைகளையும் நம்பியே முதலில் காட்சிகளைக் கோத்தார்கள். பேச்சு புரியாவிட்டாலும் இழப்பு நமக்குப் புரிவது அதனால்தான்.

எனக்கு ஒரு குறையும் உண்டு. நம் கோபம் முழுவதும் ஹுசேன்மேல் விழுகிறது. வியாபாரி சில காட்சிகளில் வந்து போய்விடுகிறார். அந்தத் தேனை வாங்குகிறவர் படத்தில் அநேகமாக இல்லவே இல்லை. பசித்த பிள்ளைகளை வைத்திருப்பவர் மட்டுந்தான் குற்றவாளியா? மலிவாகவும் நிறையவும் கேட்கிற நமக்குப் பங்கில்லையா?

ஆசிரியர்களே, ஒன்றரை மணி நேரம் கிடைக்காவிட்டால் தொடக்கக் காட்சியை மட்டுமாவது காட்டுங்க. ஹதீஜே பாறை விளிம்பில் நடந்துபோய், ஒரு கல்லை நகர்த்தித் தேனடையைப் பார்ப்பார். பிறகு, யார் குற்றவாளி என்ற கேள்வியை மாணவர்களிடமே விட்டுவிடுங்க.

மாணவர்களே, அடுத்த கட்டுரையில் பூமி முழுவதையும் காப்பாற்ற வேண்டாம். ஒரு கூட்டை, ஓர் ஆற்றை எடுத்துக்கொள்ளுங்க. அங்கே எந்த விதி மீறப்பட்டது, யாருக்காக மீறப்பட்டது என்று எழுதுங்க. அது போதும்.