88 கட்டை, 88 பறை

கறுப்பர் பாடினால் அழவேண்டும், ஆடினால் சிரிக்க வைக்கவேண்டும். யோசிக்க மட்டும் கூடாது. அமெரிக்க வெள்ளை ரசனை எழுதாமலே வைத்திருந்த சட்டம் இது. இதை ஒற்றைப் பியானோவை வைத்து உடைத்தவர் செசில் டெய்லர் (1929-2018). 1974 ஜூலையில் சுவிட்சர்லாந்தின் மாண்ட்ரோ ஜாஸ் விழாவில் துணைக் கருவி எதுவும் இல்லாமல் அவர் வாசித்ததுதான் 'சைலன்ட் டங்ஸ்' இசைத்தட்டு. மௌன நாக்குகள் என்று பேர். ஆனால் ஒரு நாக்கும் சும்மா இல்லை.

'அபிஸ்' என்கிற பாதாளத்தில் தொடங்கி, 'ஜிட்னி', 'கிராசிங்' என ஐந்து பகுதிகள். கீழ்க்கட்டையில் நாலைந்து சுரம் ஒரு கேள்வி போல விழுகிறது. மேல்கட்டை பதில் சொல்கிறது. பதிலே அடுத்த கேள்வியாகிறது. போகப் போக விரல் போதாமல் உள்ளங்கை இறங்குகிறது. பழகாத காதுக்கு 'சும்மா போட்டு அடிக்கிறான்' என்றுதான் தோன்றும். ஆனால் கடைசியில் ரசிகர்கள் விடாமல் கேட்க, 'ஜிட்னி', 'ஆஃப்டர் ஆல்' இரண்டையும் சிறு துண்டுகளாக மறுபடி வாசிக்கிறார். கைபோன போக்கில் அடித்ததை மறுபடி எடுக்க முடியுமா? மனோதர்மம் என்பது நினைத்ததை வாசிப்பது அல்ல; வருசக்கணக்கில் கைக்குள் சேர்த்ததை அந்த நிமிசத்தில் புதிதாக அடுக்குவது.

இவரை 'ஐரோப்பிய பாணி' என்று விமர்சகர்கள் எழுதினார்கள். பாஸ்டன் இசைக் கல்லூரியில் படித்தவர், பார்டோக்கைக் கேட்டவர் என்பதெல்லாம் உண்மை. ஆனால் 1956இல் பதிவான முதல் தட்டிலேயே எல்லிங்டனும் மாங்க்கும் இருக்கிறார்கள். அந்தப் பாட்டன்மாரை விட்டுவிட்டு வெள்ளைக்காரரிடம் அப்பன் தேடுவது என்ன விமர்சனம்? கறுப்பர் மூளையில் இவ்வளவு சிக்கலான கட்டுமானம் தானாக வராது என்கிற நம்பிக்கைதான் இந்தச் சொல்லாடலின் அடியில் கிடக்கிறது.

1739இல் தென் கரோலினாவில் அடிமைகள் முரசு அடித்துக் கலகம் செய்தார்கள். அடுத்த வருசமே முரசைத் தடைசெய்து சட்டம் வந்தது. பிடுங்கப்பட்ட முரசு கைதட்டலுக்குள், காலடிக்குள் புகுந்தது, பியானோவுக்குள்ளும் புகுந்தது. டெய்லர் 88 கட்டைகளையும் சுருதி சேர்த்த 88 முரசுகளாகவே அடிக்கிறார் என்று சொல்வார்கள். நமக்கு இதை யாரும் விளக்கத் தேவையில்லை. அடிப்பது இழிவு என்று பறையைக் காட்டிச் சொல்லப்பட்டவர்கள் நாம்.

டெய்லர் பிழைப்புக்குத் தட்டுக் கழுவியவர். மேடை கிடைக்காத காலத்திலும் வீட்டில் மணிக்கணக்காகச் சாதகம் செய்தவர். 1975 ஜனவரியில் கீத் ஜாரெட் என்கிற வெள்ளைக் கலைஞர் கோல்ன் நகரில் தனியாக வாசித்த மனோதர்மப் பதிவு லட்சக்கணக்கில் விற்றது. ஜாரெட்டைக் குறை சொல்லவில்லை. அது இனிய இசை. கேட்பவரைத் தாலாட்டுவதற்குக் கிடைக்கிற சந்தை, தூக்கத்தைக் கலைப்பதற்குக் கிடைப்பதில்லை.

ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது. 'ஜிட்னி' என்பது வாடகைக் கார் வர மறுத்த கறுப்பர் தெருக்களில் ஓடிய பங்கு வண்டி. அதில் போன சனங்கள் இந்த இசைக்குள் ஏறினார்களா? பெரும்பாலும் இல்லை. இந்தத் தூரம் டெய்லரின் குறைதான், மறைக்க வேண்டாம். ஆனால் ஏறத் தெரியாது என்று அவர்களுக்காக அடுத்தவன் முடிவு செய்வதை ஒத்துக்கொள்ள முடியாது.

1972இல் பம்பாயில் தலித் பேந்தர் தோழர்கள் கறுப்பரிடமிருந்து பேரையும் கோபத்தையும் எடுத்துக்கொண்டார்கள். இந்தப் பிடிவாதமான உழைப்பையும் நாம் எடுக்கணும். நம்மிடம் வலியை மட்டும் கேட்கிறார்கள். 'அனுபவத்தை எழுதுங்க, வடிவத்தை நாங்க பாத்துக்கறோம்' என்கிறார்கள். அழுதால் பரிசு, சோதனை செய்தால் 'புரியல' என்று உதட்டுப் பிதுக்கல். புரியாதபடி எழுதுகிற உரிமையும் நம்முடையதுதான். அதற்கான சாதகத்தை நாம்தான் செய்யணும். அதை யாரும் தானமா தரமாட்டான்.