அலை போன பிறகும் நின்ற கமரா

சுனாமி அடித்துச் சில கிழமைகளில் செய்திக் கமராக்கள் கரையோரத்தைவிட்டுப் போய்விட்டன. டிவிஈ ஆசியா பசிபிக் நிறுவனத்தின் கமராக்கள் போகவில்லை. அதன் இணை நிறுவுநரும் அப்போதைய பணிப்பாளருமான நாலக குணவர்தன, ‘சில்ரன் ஒஃப் சுனாமி’ ஆவணப்படத்துக்காக 2005 முழுவதும் மாதாமாதம் அதே எட்டுக் குடும்பங்களிடம் குழுக்களை அனுப்பினார். இலங்கை, இந்தியா, இந்தோனேசியா, தாய்லாந்து என நான்கு நாடுகள்; அந்தந்த நாட்டுக் கலைஞர்கள்.

இந்தப் பொறுமைதான் அவருடைய பெரிய பலம். செய்தி பிணங்களை எண்ணும். மாதாமாதம் போகும் கமரா தாமதத்தைக் காட்டும். கூடாரம் எப்போது வீடாகிறது, பிள்ளை எப்போது பள்ளிக்குத் திரும்புகிறது என்பதெல்லாம் ஒரே நாள் படப்பிடிப்பில் அகப்படாது.

ஆனால் ஓராண்டு என்பது தயாரிப்பாளரின் கணக்கு. இலங்கையின் கிழக்கில் அலைக்கு முன்னும் போர், பின்னும் போர். படத்தில் இடம்பெற்ற தமிழ்ச் சிறுவன் ஒருவன் 2007இல் துப்பாக்கிதாரிகளால் கொல்லப்பட்டான். குணவர்தன அதை மறைக்கவில்லை, பகிரங்கமாகவே எழுதினார். இருந்தாலும் பேரிடரை இயற்கையோடு நிறுத்திக்கொள்ளும் படத்தின் எல்லை அங்கே அம்பலமாகிவிட்டது.

மாத்தளைப் பக்கமிருந்து பார்த்தால் இன்னொரு குறையும் தெரியும். அங்குள்ள அலுவிகாரையில் இன்றும் ஓலையில் எழுத்தாணியால் கீறி, மை பூசித் துடைத்துக் காட்டுகிறார்கள். கண்ணுக்குத் தெரியாத கீறல் கறுப்பு எழுத்தாக எழும். கி.மு. முதல் நூற்றாண்டில் பஞ்சமும் போரும் வந்தபோது, மனப்பாடம் செய்த பிக்குகளோடு பௌத்த மறையான திரிபிடகமும் அழிந்துவிடுமே என்ற பயத்தில் இங்கேதான் அதை எழுத்தில் வைத்தார்கள். சொல் பிழைத்தது. பட்டினி கிடந்தவர்களுக்கு ஓலை சோறு போடவில்லை. தகவலை மட்டும் நம்பும் படத்துக்கும் இதே குறைதான்.

குணவர்தனவின் நிறுவனம் எடுத்த ‘த லோங் லாஸ்ட் மைல்’, 32 கரையோரக் கிராமங்களில் லேர்ன் ஏசியாவும் சர்வோதயமும் நடத்திய எச்சரிக்கைச் சோதனையைப் பற்றியது. தகவல் கடைசி வீடுவரை போய்ச்சேர்ந்தால் உயிர் தப்பும் என்பது அதன் நம்பிக்கை. கரையோரத்துக்கு அது சரி, மேட்டுக்கு ஓடலாம். மலையகத்தில் எங்கே ஓடுவது? கொஸ்லந்தை மீரியபெத்தைத் தோட்டத்துக்கு 2005இலும் 2011இலும் மண்சரிவு எச்சரிக்கை விடுத்தார்கள். 2014 அக்டோபர் 29 காலை தொழிலாளர் குடியிருந்த லயன்கள் புதைந்தன. அங்கே குறைந்தது தகவல் அல்ல, சொந்தக் காணி. லயன் தோட்டத்துடையது, குடியிருப்பவருக்குக் காணி உறுதி கிடையாது. சுற்றாடல் படங்கள் பலவும் ‘விழிப்புணர்வு’ என்ற சொல்லோடு திருப்திப்பட்டு, இந்தக் காணிக் கேள்விக்குள் நுழையாமலே முடிந்துவிடுகின்றன.

2025 நவம்பரில் டித்வா புயல் வந்தபோது மாத்தளை மாவட்டமும் மண்சரிவுக்குத் தப்பவில்லை. வழக்கம்போல், படங்கள் எல்லாம் மண் சரிந்த பிறகு எடுத்தவை. குணவர்தனவின் மாதாந்த முறை நல்ல முறை. அடுத்து வருபவர்கள் அதை அப்படியே எடுத்துக்கொள்ளட்டும். ஆனால் மழைக்கு முன்பே லயனுக்குப் போங்கள். சுவர் வெடிப்பைப் பற்றி அங்கிருப்பவர்களைத் தமிழில் பேசவிட்டுப் படமெடுங்கள். அதே கமராவோடு தோட்ட முகாமையாளரிடமும் காணி அதிகாரியிடமும் போய், இந்தக் குடும்பத்துக்கு எப்போது காணி என்று கேளுங்கள்.