ஜந்தர் மந்தரின் நிழலை எப்படி ரசிப்பது?

ஜெய்ப்பூர் ஜந்தர் மந்தரில் உள்ள சாம்ராட் யந்திரம் ஒரு சூரிய கடிகாரம். உயரம் ஏறத்தாழ 27 மீட்டர். கல்லாலும் சுண்ணாம்பாலும் எழுந்த சூரிய கடிகாரங்களில் உலகிலேயே பெரியது இதுதான். பெயர் காதில் மாயமந்திரம் போல விழுந்தாலும், ஜந்தர் என்பது யந்திரம், மந்தர் என்பது கணக்கு. காலம் நகர்வதைக் கண்ணால் பார்க்க முடிவதுதான் இங்குள்ள ஒரே மாயம்.

இதைக் கட்டியவர் ஆமேர் அரசர் இரண்டாம் சவாய் ஜெய்சிங். 1688இல் பிறந்தவர், 11 வயதில் அரியணை ஏறினார், 1743இல் மறைந்தார். 1727இல் ஜெய்ப்பூர் நகரை நிறுவியபோது, வங்காளத்தவரான வித்யாதர் பட்டாச்சார்யா அவருக்குத் துணைநின்றார். டெல்லி, ஜெய்ப்பூர், உஜ்ஜயினி, வாரணாசி, வடமதுரை (மதுரா) என ஐந்து ஊர்களில் ஜெய்சிங் வானாய்வுக் கூடங்களை எழுப்பினார். வடமதுரையில் இருந்தது 19ஆம் நூற்றாண்டில் இடிபட்டது. மற்ற நான்கும் இன்றும் நிற்கின்றன.

வானியல் அட்டவணை சொல்லும் நேரமும் வானத்தில் நடப்பதும் ஒத்துப்போகாததே அவரை இதில் இறக்கியது. முதலில் பித்தளைக் கருவிகளைச் செய்வித்துப் பார்த்தார். அவை சிறியவை; அச்சு தேய்ந்தது, வட்டத்தின் மையம் விலகியது. 15ஆம் நூற்றாண்டில் சமர்கந்தில் உலுக் பெக் பிரம்மாண்டமான கருவி ஒன்றைக் கட்டியிருந்தார். ஜெய்சிங்கும் அந்த வழிக்கு வந்தார். கல் அசையாது, அளவு பெரிதானால் நுண்ணிய பிரிவுகளைக் குறிக்கவும் இடம் கிடைக்கும்.

சாம்ராட் யந்திரத்தில் முதலில் கவனிக்க வேண்டியது நடுவிலுள்ள முக்கோணச் சுவரின் சரிவு. அது 27 பாகை, அதாவது ஜெய்ப்பூரின் அட்சரேகை. சுவரின் சாய்ந்த விளிம்பு பூமியின் அச்சுக்கு இணையாக ஓடி, துருவ நட்சத்திரத்தின் பக்கம் நீள்கிறது. இதே கடிகாரத்தைப் பெங்களூரு ஜீவனஹள்ளியில் கட்டினால் சரிவு 13 பாகைதான் இருக்கும். அதே நீள அடித்தளத்தில் உயரம் பாதிகூட வராது. ஊர் எங்கே இருக்கிறதோ அதுவே கட்டடத்தின் வடிவத்தை முடிவு செய்கிறது. சிற்பியின் ரசனையை அந்தச் சரிவில் தேடுபவருக்கு அங்கே கிடைப்பது ஊரின் முகவரி.

அடுத்தது நிழல். காலையில் அது சுவருக்கு மேற்கேயுள்ள வளைந்த அளவுகோலின் மேல்நுனியில் விழும். நண்பகல்வரை கீழே இறங்கும். பிறகு கிழக்குப் பக்கம் ஏறும். விநாடிக்கு ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் வேகம். ஐந்து நிமிடம் நின்றால் ஒரு சாணைத் தாண்டிவிடும். ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம் நின்றால் ஓர் ஆள் உயரத்துக்கு நகர்ந்திருக்கும். பலர் படம் எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். இந்த நகர்வைப் பார்க்காதவர் யந்திரத்தைப் பார்த்தவர் ஆகமாட்டார். நிழலின் ஓரம் கத்தி வெட்டியதுபோல் இருக்காது. சூரியன் அரைப் பாகை அகலமுள்ள தட்டு என்பதால் ஓரம் மங்கிக் கரையும். மெல்லிய நூல் ஒன்றை அளவுகோலுக்குச் சற்று மேலே பிடித்து, அதன் நிழல் சுவரின் நிழலில் மறையும் இடத்தைக் குறித்தால் நேரம் துல்லியமாகக் கிடைக்கும்.

கைக்கடிகாரத்தோடு ஒப்பிட்டால் யந்திரம் சராசரியாக 27 நிமிடம் பிந்திக் காட்டும். அது பிழையல்ல. இந்திய நேரம் கிழக்கே 82.5 பாகை தீர்க்கரேகையை வைத்துக் கணக்கிடப்படுகிறது. ஜெய்ப்பூர் அதற்கு மேற்கே இருக்கிறது. யந்திரம் காட்டுவது ஜெய்ப்பூரின் சொந்த நேரம்.

அளவில் சாம்ராட் பெரிது என்றாலும், யோசனையில் அதைவிட உயர்ந்தது ஜெயப்பிரகாச யந்திரம். தரையில் குடைந்த இரண்டு அரைக்கோளக் கிண்ணங்கள். வானத்தைக் கவிழ்த்து மண்ணில் பதித்த மாதிரி. மேலே குறுக்கே கட்டிய கம்பிகள் சந்திக்கும் இடத்தின் நிழல், சூரியன் வானில் நிற்கும் இடத்தைக் கிண்ணத்தில் காட்டும். ஒரு கிண்ணத்தில் பளிங்குப் பட்டை இருக்கும் இடம் மற்றதில் வெற்றிடம். அந்த வெற்றிடத்தில் இறங்கி நின்று அளவைப் பக்கத்திலிருந்தே படிக்கலாம். பார்ப்பவர் எங்கே நிற்பார் என்பதையும் சேர்த்து வடிவமைத்த கருவி இது.

ஜெய்சிங்கின் அட்டவணைகள் முகலாயப் பேரரசர் முகம்மது ஷாவின் பெயரைத் தாங்கி வெளிவந்தன. ஜெய்சிங்கின் அவையிலிருந்த ஜகந்நாத சாம்ராட், தாலமியின் வானியல் நூலை அரபியிலிருந்து சம்ஸ்கிருதத்துக்குக் கொண்டுவந்தார். போர்ச்சுகலுக்கும் அரசர் தூதுக்குழு அனுப்பினார். ஐரோப்பா தொலைநோக்கிக்கு மாறிவிட்ட காலம் அது. வெறுங்கண் வானியலின் கடைசிப் பெரிய முயற்சி என்று இந்தக் கட்டடங்களைச் சொல்லலாம். 2010இல் ஜெய்ப்பூர் ஜந்தர் மந்தர் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னமானது.

இதை ரசிக்கும் பழக்கத்தை வீட்டு மொட்டை மாடியிலேயே தொடங்கலாம். ஜீவனஹள்ளியில் செங்குத்தாக நட்ட குச்சியின் நிழல் மிகக் குறுகுவது 12 மணிக்கு அல்ல, சராசரியாக 12.20க்கு. பிப்ரவரி நடுவில் அது 12.34 வரை தள்ளிப்போகும்; நவம்பர் தொடக்கத்தில் 12.03க்கே வந்துவிடும். ஏப்ரல் 24, ஆகஸ்ட் 18 ஆகிய நாட்களையொட்டி நண்பகலில் குச்சிக்கு நிழலே இருக்காது. கடகரேகைக்கு வடக்கே இருக்கும் ஜெய்ப்பூருக்கு அந்தக் காட்சி ஒருநாளும் கிடையாது. குச்சியோடு ஒரு நண்பகலைக் கழித்துவிட்டு, மேகமில்லாத நாளாகப் பார்த்து ஜெய்ப்பூருக்குப் போங்கள். சாம்ராட் யந்திரத்தின் முன் ஒரு நாழிகையாவது நில்லுங்கள்.