களவியலுரையின் இருவேறு காலங்கள்

இறையனார் களவியலுரை கூறும் முச்சங்க வரலாறு தமிழாய்வில் பெரும்பாலும் இருவகையாகவே அணுகப்பட்டு வந்துள்ளது. ஒரு சாரார் அதனை நிகழ்ந்த வரலாறாகவே கொண்டு கடல்கோள்களுக்கும் காலம் கணித்தனர். எஸ். வையாபுரிப்பிள்ளை போன்றோர் அதனைப் புனைவென ஒதுக்கினர். ஏற்றவரும் மறுத்தவரும் எழுப்பிய வினா ஒன்றே: இது நடந்ததா? நடவாத ஒரு காலத்தை உரையாசிரியர் எவ்வாறு அமைத்தார், அக்காலத்து மாந்தர் காலத்தை எங்ஙனம் உணர்ந்ததாக அவர் எண்ணினார் என்னும் வினாக்கள் போதிய அளவு எழுப்பப்படவில்லை. அவ்வுரைப்பகுதியை ஓர் இலக்கியப் பனுவலாகக் கொண்டு இவ்வினாக்களை ஆராய இக்கட்டுரை முற்படுகிறது.

முதலில் எண்களைக் காண்போம். தலைச்சங்கம் 4440 ஆண்டுகள், 89 பாண்டியர். இடைச்சங்கம் 3700 ஆண்டுகள், 59 பாண்டியர். கடைச்சங்கம் 1850 ஆண்டுகள், 49 பாண்டியர். ஆண்டுகளின் கூட்டுத்தொகை 9990. மூன்று ஆண்டுத்தொகைகளும் 37இன் மடங்குகள். முறையே 120, 100, 50 மடங்கு. அரசர் தொகை மூன்றும் ஒன்பதில் முடிகின்றன. இடைச்சங்கத்தின் ஆண்டுத்தொகையும் பாடினோர் தொகையும் ஒன்றாகவே, 3700 என, அமைகின்றன. இத்தகைய ஒழுங்கு பழைய குறிப்புகளிலிருந்து தொகுத்ததனால் வாய்ப்பதன்று. யாப்பினைப் போலத் திட்டமிட்டு அமைக்கப்பட்டது. 37 ஏன் என்னும் வினாவிற்கு விடை தேடி இக்கட்டுரையாளர் செலவிட்ட நாள்கள் பயன் தரவில்லை என்பதையும் ஈண்டுக் கூறிவிடலாம்.

சங்கத்தின் ஆயுள் படிப்படியாகக் குறைந்து வருதல் கருதத்தக்கது. 4:3:2:1 என்னும் விகிதத்தில் குறையும் யுகக் கணக்கை இது நினைவூட்டுகிறது. ஆனால் யுகக் கணக்கில் தேய்வது அறம். இங்கு அறம் தேய்ந்ததாக உரையாசிரியர் எங்கும் கூறவில்லை. மாறுவது அவையில் வீற்றிருப்போரின் இயல்பு. தலைச்சங்கத்தில் சிவபெருமானும் முருகனும் குபேரனும் அகத்தியரோடு அமர்கின்றனர். கடைச்சங்கத்தில் நக்கீரர் முதலிய மானிடப் புலவரே உளர். தெய்வம் விலகுந்தோறும் ஆண்டு சுருங்குகிறது. அகத்தியரோ முதலிரு சங்கங்களிலும் இருக்கிறார். அரசர் எண்பத்தொன்பதின்மர் மாறிய பின்னும் அவர் மாறவில்லை. ஒரே அவையில் அரசரின் காலமும் முனிவரின் காலமும் வெவ்வேறு விரைவில் செல்கின்றன. இதனை வியப்புக்குரியதாக உரையாசிரியர் கருதியதாகத் தெரியவில்லை.

இந்நெடுங்காலத்தில் நிகழ்ச்சிகள் இல்லை என்பது அதனினும் முதன்மையானது. அரசருள் முதல்வரும் இறுதியானவரும் மட்டுமே பெயர் பெறுகின்றனர். காய்சின வழுதிக்கும் கடுங்கோனுக்கும் இடைப்பட்டோர் வெறும் எண்ணிக்கை. கடல் நாட்டைக் கொண்டதும் ஒரு தொடரளவில் முடிந்துவிடுகிறது. போர், மணம், இறப்பு எவையும் இல்லை. நூல்கள் இயற்றப்படுகின்றன, அவை தமிழை ஆராய்கிறது, அவ்வளவே. அவையின் இருப்பே அங்குக் காலத்தின் அளவுகோல் எனலாம்.

இவ்வாறு எழுதிய அதே கை, அடுத்துப் பாண்டிநாட்டு வற்கடத்திற்கு வந்ததும் முற்றிலும் வேறாக எழுதுகிறது. பன்னிரண்டு ஆண்டுப் பஞ்சம். அரசன் புலவரை அழைத்து, தன்னால் அவர்களைப் புரத்தல் இயலாது என்று சொல்லி அனுப்புகிறான். மழை பெய்து நாடு மீண்டபின் தேடுகையில் எழுத்தும் சொல்லும் யாப்பும் வல்லோர் கிடைக்கின்றனர். பொருளதிகாரம் வல்லோர் ஒருவரும் கிடைக்கவில்லை. அரசன் கவல்கிறான். 9990 ஆண்டுகளில் ஒருமுறையும் கேட்காத மனிதக் குரல் இந்தப் பன்னிரண்டு ஆண்டுகளிற்றான் கேட்கிறது. கல்வி என்பது தலைமுறையொன்றின் இடையறவிலேயே அழிந்துபடக் கூடியது என்பதை இவ்வாசிரியர் அறிந்திருந்தார்.

அவர்தம் அச்சம் உரை வழிவந்த வரலாற்றில் வெளிப்படுகிறது. நக்கீரர் தம் மகனார்க்கு உரைத்தார், அவர் மற்றொருவர்க்கு உரைத்தார் என முசிறி ஆசிரியர் நீலகண்டனார் ஈறாகப் பெயர் பெயராக, சிலர்க்கு ஊரும் சேர்த்து, அந்நிரல் செல்கிறது. அங்கு ஆண்டுக்கணக்கே இல்லை. ஆண்டுகளை எண்ணிய இடத்தில் இடைப்பட்ட அரசர் பெயரில்லை. ஒருவர் விடாமல் பெயர் எண்ணிய இடத்தில் ஆண்டில்லை. எழுத்தால் மட்டுமன்றி வாய்மொழியால் நிற்கும் கல்விக்கு, யார் யாரிடம் கேட்டார் என்பதே நம்பத்தகுந்த காலக்கணக்கு. உரையில் மேற்கோளாக வரும் பாண்டிக்கோவையை நோக்கி, அது இன்றுள்ள வடிவம் பெற்றது ஏறத்தாழ எட்டாம் நூற்றாண்டு என அறிஞர் கருதுவர். அக்காலத்து ஆசிரியர் ஒருவர்க்கு மெய்யாகவே கைவந்த காலம் இப்பெயர் நிரலே. ஆயிரக்கணக்கான ஆண்டுகள், அந்நிரலின் தொடக்கத்திற்குப் பெருமை சேர்க்க அவர் எழுப்பிய மாடம்.

பண்டைத் தமிழர் காலத்தை நம்மினும் வேறாக, எல்லையற்றதாக உணர்ந்தனர் என்பதற்கு முச்சங்கக் கதையைச் சான்று காட்டுவோர் இங்குத் தவறுகின்றனர். முல்லைப்பாட்டுப் பாசறையில் நீர்க்கன்னல் கொண்டு நாழிகை அளந்து அரசனுக்கு அறிவிப்போர் உளர். சங்கப் பாடலின் மாந்தர் பொழுதை நுணுக்கமாக அளந்தவர்கள். அளவிறந்த காலத்தில் அவர்களைக் குடியேற்றியவர் பின்வந்த உரையாசிரியர். இவ்வேறுபாடு வகுப்பறைக்கும் உரியது. 4440, 3700, 1850 என்னும் எண்களை ஒரு மதிப்பெண் வினாவுக்கு விடையாக மனப்பாடம் செய்யும் மாணவர், அவ்வுரையில் பஞ்சம் எத்தனை ஆண்டு நீடித்தது என்று கேட்டால் விழிக்கின்றனர்.

இன்னோர் எண்ணும் அவ்வுரையில் உண்டு. செப்பிதழில் கிடைத்த அறுபது சூத்திரங்களுக்குப் பலர் உரை கண்டபின் மெய்யுரை எதுவெனத் துணிய இயலாமற்போக, தீர்ப்பளிக்க அமர்த்தப்பட்டவன் உருத்திரசன்மன். வாய் பேசாத அவன் நக்கீரர் உரைக்குப் பதந்தோறும் கண்ணீர் வார்த்தான். அவனுக்கு அப்போது வயது ஐந்து.