பாகவதருக்குப் பதில் பாகவதர்

காவிரியில் தகராறு வந்தால் முதலில் நிற்பது ஓசூர் பஸ்தான். ஜூஜூவாடியில் இறக்கிவிட்டு, 'அத்திப்பள்ளி வரைக்கும் நடந்து போயிடுங்க' என்பார்கள். மற்ற நாட்களில் அந்த எல்லை இருப்பதே தெரியாது. அசோக் லேலண்டிலும் டிவிஎஸ்ஸிலும் ஷிப்ட் முடித்து வருகிறவர்கள் தமிழ், கன்னடம், தெலுங்கு மூன்றிலும் டீக்குச் சர்க்கரை கம்மியாகக் கேட்பார்கள். அவர்களிடம் ஹொன்னப்ப பாகவதர் என்று சொல்லிப் பாருங்கள். 'யாருங்க அது?' என்பார்கள்.

1915-ல் பெங்களூரை ஒட்டிய நெலமங்கலா தாலுகாவில் பிறந்து, குப்பி வீரண்ணாவின் நாடக கம்பெனி வழியாக வந்த கன்னடக்காரர். 1940-களில் தமிழ்ப்பட ஹீரோ.

நம்மவர்கள் இவரை ஒரே வரியில் முடித்துவிடுவார்கள்: எம்.கே.தியாகராஜ பாகவதருக்குப் பதிலாக வந்தவர். தகவல் சரிதான். 1944 தீபாவளிக்கு 'ஹரிதாஸ்' வந்தது. அதன் பிறகு லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் எம்.கே.டி. கைதானார். அவர் நடிக்க இருந்த ஜூபிடரின் 'ஸ்ரீ முருகன்', 1946-ல் ஹொன்னப்பாவை வைத்து வந்தது. அதிலும் சிவனாக ஆடிய எம்.ஜி.ஆரைத்தான் இன்றைக்குப் பேசுகிறோம்.

ஆனால் அந்தக் கைதுக்கு முன்பே, 1943-ல், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் 'அருந்ததி'யில் இவர் நடித்தாயிற்று. அப்போது ஓசூரும் கிருஷ்ணகிரியும் சேலம் ஜில்லா. அதே கம்பெனியின் 'பர்மா ராணி' 1945-ல். ஜப்பான்காரன் பிடித்த பர்மாவில் மாட்டிக்கொள்ளும் இந்திய விமானப்படை வீரர் வேஷம். யுத்தப் பிரசாரப் படத்தில், பைலட் யூனிபார்மில் ஒரு பாகவதர்! பாட்டுக்காகவே எடுத்த ஆளைக் கதை வேறெங்கோ இழுத்துக்கொண்டு போகிறது. அவருடைய பலமும் பலவீனமும் அங்கேயே தெரிந்துவிடுகிறது.

சொந்தக் குரலில் பாடத் தெரிந்தவனே ஹீரோ என்றிருந்தவரை தாய்மொழி என்ன என்று யாரும் கேட்கவில்லை. கர்நாடக சங்கீதம் இரண்டு பக்கத்துக்கும் பொது. பிறகு பின்னணிப் பாட்டு வேரூன்றியது. விடுதலையாகி வந்த எம்.கே.டி.க்கே 1948-ல் 'ராஜமுக்தி' கைகொடுக்கவில்லை. 1952-ல் 'பராசக்தி' வந்ததும் ஹீரோ என்றால் வசனம் என்றாகிவிட்டது. பாட்டு மறைக்கிற உச்சரிப்பை வசனம் மறைக்குமா?

ஹொன்னப்பா கன்னடத்துக்கே போனார். 1955-ல் 'மகாகவி காளிதாசா' தயாரித்து நடித்தார். அதில் அறிமுகமானவர் சரோஜாதேவி. 1958-ல் 'நாடோடி மன்னன்' அவரை இங்கே நட்சத்திரமாக்கியது. அவருடைய கொஞ்சுதமிழை ரசித்தோம், கன்னடத்துப் பைங்கிளி என்றோம். ஹீரோவுக்கு அந்தச் சலுகை கிடைக்க இன்னும் காலம் பிடித்தது. 1975-ல் 'அபூர்வ ராக'ங்களில் கேட்டைத் திறந்துகொண்டு வந்த பெங்களூர்க்காரரின் வேகத் தமிழையே ஸ்டைல் என்றோம். அவருடைய பூர்வீகம் கிருஷ்ணகிரி மாவட்டத்து நாச்சிக்குப்பம்.

ஹொன்னப்பா 1992-ல் காலமானார். முப்பது வருஷம் முன்னால் வந்துவிட்டார் என்று அவரைச் சொல்ல முடியாது. பாட்டு முன்னால் வந்ததால்தான் அவருக்கு இங்கே இடமே கிடைத்தது. அந்த இடத்தில் எட்டுப் பத்து வருஷம் நின்றவரை 'பதிலுக்கு வந்தவர்' என்று மட்டும் சொல்லி அனுப்புவது நியாயமில்லை. பழைய ரெக்கார்டு எங்காவது கிடைத்தால் ஒரு தடவை கேளுங்கள், எம்.கே.டி.யை மறந்துவிட்டு.