1956இன் எச்சம்

குருதி சிந்தாது வாக்குச் சீட்டினாலே நிகழ்ந்த புரட்சி என்று நம் நாட்டு அரசியல் நூல்கள் பல சுட்டுவது 1956 ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதத்துப் பொதுத் தேர்தலையாகும். எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்கா தலைமை தாங்கிய மக்கள் ஐக்கிய முன்னணி அத்தேர்தலில் 95 ஆசனங்களுள் 51ஐக் கைப்பற்றியது. அதுகாறும் ஆண்ட ஐக்கிய தேசியக் கட்சி 8 ஆசனங்களோடு ஒடுங்கியது. பிக்குமார், சுதேச வைத்தியர், ஆசிரியர், உழவர், தொழிலாளர் என்னும் ஐம்பெருஞ் சக்திகள் எழுந்து, ஆங்கிலங் கற்ற சிறு கூட்டத்தினிடமிருந்து ஆட்சியைப் பறித்தன என்பது அதனைப் போற்றுவார் கூற்று. நம்மவரோ அவ்வாண்டைத் தனிச் சிங்களச் சட்டத்தின் ஆண்டு என்று குறித்து, அதற்கு மேல் ஆராயாது விட்டுவிடுகின்றனர். அவர்தம் மனக்கசப்புக்குக் காரணம் உண்டு என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும், ஒரு நாட்டின் பிற்கால வளர்ச்சியை நல்லவாறும் அல்லவாறும் உருவாக்கிய நிகழ்ச்சியை ஒரு சட்டத்தின் பெயராற் சுட்டி அமைவது திறனாய்வு ஆகாது.

மக்களுக்கே அதிகாரம் என்று முழங்கும் எந்தப் புரட்சியும், மக்கள் யாவர் என்னும் வினாவுக்கு முதலில் விடை கூறியாக வேண்டும். அப்புரட்சி இயற்றும் சட்டங்கள் காலப்போக்கில் திருத்தப்படலாம், நீக்கவும் படலாம். அவ்வினாவுக்கு அது கூறிய விடையோ, புரட்சியாளர் மறைந்த பின்னரும் நாட்டிலே நின்று வேலை செய்வது. பிரெஞ்சுப் புரட்சியை நோக்குக. சமத்துவத்தைப் பறைசாற்றிய அப்புரட்சியின் அவையிலே, 1794 ஆம் ஆண்டில், கிரெகுவார் என்னும் பாதிரியார் ஓர் அறிக்கையை முன்வைத்தார். பிரெஞ்சு மொழியைத் திருத்தமாகப் பேசுவோர் முப்பது இலட்சத்துக்கு மேற்படார் என்று கணக்கிட்ட அவர், அதனாற் பெற்ற முடிபு, மக்கள் பேசும் ஏனைய மொழிகளை ஒழித்துவிட வேண்டும் என்பதாம். பெரும்பாலார் பேசாத மொழியே மக்கள் மொழி என நிறுவப்பட்டது. அப்புரட்சி தந்த மீற்றர் அளவையை உலகம் ஏற்றுப் பயன் கொண்டது. பிரெத்தோனியரும் ஒக்சித்தானியரும் தம் மொழிகளை இழந்ததும் அதே புரட்சியின் எச்சமே.

இலங்கையில் அவ்வினாவுக்கு விடை 1956க்கு முன்னரே எழுதத் தொடங்கப்பட்டுவிட்டது. 1931 ஆம் ஆண்டு டொனமூர் அரசியலமைப்பு இருபத்தொரு வயது நிரம்பிய ஆண் பெண் இருபாலார்க்கும் வாக்குரிமை வழங்கியது. அதற்கு முன்னர்ச் சனத்தொகையில் நூற்றுக்கு நால்வர் அளவினரே வாக்காளர். 1945 இல், சி. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கராவின் முயற்சியால் இலவசக் கல்வி வந்தது. என் நோக்கில், உண்மையான புரட்சிகள் இவ்விரண்டுமே. 1956 அவற்றின் அறுவடை. ஆனால் இடையிலே, 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டமும் அதனையடுத்த தேர்தற் சட்டத் திருத்தமும் மலையகத் தோட்டத் தொழிலாளர் பல இலட்சம் பேரை வாக்காளர் இடாப்பினின்றும் நீக்கின. 1947 இற் பாராளுமன்றஞ் சென்ற இலங்கை இந்தியக் காங்கிரசார் எழுவர். 1952 இல் ஒருவரும் இலர். ஆகவே, ஐம்பெருஞ் சக்திகளுள் ஒன்றாகத் தொழிலாளரை எண்ணிய புரட்சி, நாட்டின் ஏற்றுமதி வருவாயிற் பெரும் பகுதியை ஈட்டித்தந்த தொழிலாளரைத் தன் எண்ணிக்கையிற் சேர்க்கவில்லை. இக்குறையைத் தமிழருள்ளும் பலர் அன்று உணர்ந்திலர் என்பதையும் நேர்மையோடு கூறல் வேண்டும்.

அவ்வரசாங்கம் நிறைவேற்றிய பொருளாதாரச் சீர்திருத்தங்களை விரித்துரைக்க இங்கு இடமில்லை. பிலிப் குணவர்த்தனாவின் 1958 ஆம் ஆண்டு நெற்காணிச் சட்டம் குத்தகை உழவனுக்குப் பாதுகாப்பளித்தது. அதன் பற்களைப் பிடுங்கியோர் அவ்வமைச்சரவைக்குள்ளேயே இருந்தனர். 1958 சனவரியிற் பஸ் சேவை தேசியமயமாக்கப்பட்டது. அத்தனியுரிமை இருபது ஆண்டுகளளவே நீடித்தது. ஊழியர் சேமலாப நிதி இன்றும் உளது. ஓய்வு பெறும்போது அதனைப் பெறுவார் பலர் அஃது எவ்வரசின் கொடை என்பதை அறியார்.

மொழியே இங்கு விரிந்த ஆய்வுக்குரியது. ஆங்கிலம் அறியாதவன் தன் நாட்டிலேயே ஊமையாய் நின்ற நிலையை மாற்றுதல் நியாயமான கோரிக்கை. சுயபாஷை இயக்கம் தொடக்கத்திற் சிங்களத்தையும் தமிழையும் ஒருசேரக் குறித்ததே. 1944 இல் அரசாங்க சபை ஏற்ற தீர்மானமும் அவ்விரண்டையுமே கூறிற்று. பன்னிரண்டு ஆண்டுகளின் பின், 1956 யூன் மாதத்தில், 56 வாக்குகள் சார்பாகவும் 29 எதிராகவும் நிறைவேறிய அரசகரும மொழிச் சட்டத்தில் ஒன்றே எஞ்சியது. தாய்மொழியில் ஆட்சி என்ற கொள்கை ஒரு தாய்மொழியில் ஆட்சி என்று சுருங்கிய அந்தக் கணமே இப்புரட்சியின் திருப்புமுனை.

அவ்விடை எத்துணை உறுதியாக வேரூன்றிற்று என்பதற்கு இடதுசாரிகளின் வரலாறே சான்று. ஒரு மொழி எனின் இரு நாடுகள் விளையும், இரு மொழி எனின் ஒரு நாடு நிலைக்கும் என்ற கருத்துப்பட 1956 இல் எச்சரித்தவர் கலாநிதி கொல்வின் ஆர். டி சில்வா. 1958 ஆம் ஆண்டுத் தமிழ் மொழி விசேட ஏற்பாடுகள் சட்டத்தின் கீழ் 1966 சனவரியில் ஒழுங்குவிதிகள் கொணரப்பட்டபோது, அவற்றை எதிர்த்து வீதியில் இறங்கியவருள் அவரது கட்சியும் இருந்தது. 1972 இல் அரசியலமைப்பு விவகார அமைச்சராய் அவர் வரைந்த குடியரசு யாப்பு, தனிச் சிங்களத்தைச் சாதாரண சட்டத்தினின்றும் உயர்த்தி நாட்டின் மூலச் சட்டத்தினுள்ளே வைத்தது. தனி மனிதரின் பலவீனம் என்று இதனை ஒதுக்கலாகாது. மக்கள் யாவர் என்பதற்கு 1956 கூறிய விடையை மறுத்து நிற்பவர் வாக்குப் பெறுதல் அரிது என்பதை அவர்கள் கண்டுகொண்டனர்.

செல்லையா கோடீசுவரன் என்னும் எழுதுவினைஞரின் வழக்கு இதனொடு சேர்த்துப் படிக்கத்தக்கது. சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைக்குத் தோற்றாமையால் அவருக்குச் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்டது. 1964 இற் கொழும்பு மாவட்ட நீதிமன்றம், அரசகரும மொழிச் சட்டம் சோல்பரி யாப்பின் 29 ஆம் பிரிவுக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. உயர் நீதிமன்றம், அரச ஊழியன் சம்பளத்துக்காக முடியின்மேல் வழக்காட இயலாது என்று கூறி அத்தீர்ப்பை மாற்றியது. 1969 இற் கோமறைக் கழகம், இயலும் என்று கூறி, மொழிச் சட்டத்தின் செல்லுபடியை ஆராயுமாறு வழக்கைத் திருப்பி அனுப்பியது. அவ்வாராய்ச்சி நிகழவேயில்லை. 1971 இற் கோமறைக் கழக மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. மறுவாண்டு 29 ஆம் பிரிவும் பழைய யாப்போடு மறைந்தது. ஓர் எழுதுவினைஞரின் சம்பள ஏற்றம் நாட்டின் அடிப்படையையே தொட்டது. விடை கூறப்படுமுன் வினாவே அகற்றப்பட்டது.

இனி, எதிர்பாராத ஒரு விளைவைக் காண்போம். சட்டம் தமிழைப் பணிமனைகளினின்றும் விலக்கிய அதே காலத்தில், வகுப்பறையிலே தமிழ் உயர்ந்துகொண்டிருந்தது. தாய்மொழி வழிக் கல்வி 1950களிற் படிப்படியாக மேல்வகுப்புகளை அடைந்து, 1960 அளவிற் பல்கலைக்கழகக் கலைப்பீடத்துக்கும் சென்றது. அதன் பயனாக, ஆங்கிலக் கல்லூரியின் வாயிலை மிதியாத குடும்பங்களினின்றும் வாசகரும் எழுத்தாளரும் தோன்றினர். 1954 இல் அமைந்த முற்போக்கு எழுத்தாளர் சங்கத்தினரும், 1959 முதற் சில ஆண்டுகள் ‘தினகரன்’ ஆசிரியராயிருந்த க. கைலாசபதியும் முன்வைத்த தேசிய இலக்கியக் கோட்பாடு, 1956இன் எழுச்சியை விட்டு விளங்கிக்கொள்ளத்தக்கதன்று. யாழ்ப்பாணத்திற் சிகை அலங்கரிக்கும் நிலையத்தில் உழைத்த டொமினிக் ஜீவாவின் ‘தண்ணீரும் கண்ணீரும்’ சாகித்திய மண்டலப் பரிசைப் பெற்றது. தமிழுக்கு இடமில்லை என்ற அரசின் நிறுவனம், தமிழ்ச் சமூகம் திண்ணையில் இருத்த மறுத்தவனின் தமிழுக்கு மாலையிட்டது! மரபு காப்போம் என்று அக்காலத்து எழுந்த பண்டிதர் சிலர், இவ்வெழுத்தாளரது மொழியை இழிசனர் வழக்கு என்றனர். மக்கள் யாவர் என்னும் வினா நமக்குள்ளும் அன்று எழுந்தது; நாமும் அதற்கு நல்ல விடை கூறினோம் என்று சொல்வதற்கில்லை. 1960, 1961 ஆம் ஆண்டுகளிற் பாடசாலைகள் அரசுடைமையாக்கப்பட்டதை இந்துக் கல்லூரிகளின் பழைய மாணவர் பலர் இழப்பாகவே நினைவுகூர்வர். முகாமையாளரின் மனம் போனவாறு திறந்தும் அடைத்தும் கிடந்த சில கதவுகள் அதனால் நிலையாகத் திறந்தன என்பதையும் அவர் நினைவுகூர்தல் நன்று. பாலையூற்றில் இருந்துகொண்டு, வெளிவாரி மாணவனாகத் தமிழிலே படித்துப் பட்டம் பெற்ற எனக்கு, அக்கதவின் பயனை மறைத்து எழுதுதல் ஆகாது.

சிங்களக் கிராமத்து இளைஞனுக்கு இப்புரட்சி தந்தது என்ன? மொழி அவனுடையதாயிற்று, தொழில் அவனுக்கு வாய்க்கவில்லை. அவனுக்கெனச் செய்யப்பட்ட ஆட்சியையே எதிர்த்து 1971 ஏப்பிரலில் அவன் ஆயுதம் ஏந்தினான். ஆங்கிலத்தைச் சிங்கள மாணவர் ‘கடுவ’, அஃதாவது வாள், என்று அழைப்பது வழக்கம். மேலிருந்தோர் தம் பிள்ளைகளின் கையில் அவ்வாளை வைத்துக்கொண்டே ஏழைப் பிள்ளைகளுக்குச் சுயபாஷையைப் போதித்தனர் என்னும் ஆத்திரம் அச்சொல்லில் உறைகின்றது. அதே 1971 இல், பல்கலைக்கழக அனுமதிக்கு மொழிவாரியாகப் புள்ளிகளைச் சரிசெய்யும் முறை புகுத்தப்பட்டமையும், தமிழ் இளைஞர் அதனின்றும் எவ்வழிச் சென்றனர் என்பதும் இவ்விதழின் வாசகர்க்கு நான் கூற வேண்டுவன அல்ல.

நம் திருகோணமலைக்கு வருவோம். 1956 ஆகத்து மாதத்தில் தமிழரசுக் கட்சி இந்நகரிலே மாநாடு கூட்டிக் கூட்டாட்சி, தமிழுக்குச் சம அந்தஸ்து, மலையகத்தார் குடியுரிமை, அரசாங்கக் குடியேற்றத்தை நிறுத்துதல் என்பவற்றைக் கோரிற்று. அதன் விளைவாக 1957 யூலையிற் கைச்சாத்தான பண்டாரநாயக்கா–செல்வநாயகம் ஒப்பந்தம், பிரதேச சபைகளுக்குக் காணி பெறுவோரைத் தெரியும் அதிகாரத்தை வழங்க இசைந்தது. கந்தளாய்க்கு வந்த உழவர் ஏழைகள். அவரொடு நமக்கு வழக்கில்லை. அவர்களை வரவழைக்கும் முடிபில் இம்மாவட்டத்தார்க்குப் பங்கு வேண்டும் என்பதே வழக்கு. 1958 ஏப்பிரலில் ஒப்பந்தம் கைவிடப்பட்டது. மே மாதத்தில் நாடு எரிந்தது.

அவ்வொப்பந்தம் உயிரோடிருந்த 1957 ஒக்டோபர் 15ஆந் திகதி, பிரித்தானியக் கடற்படைத் தளம் இலங்கையிடம் கையளிக்கப்பட்டது. அந்நியனின் போர்க்கப்பல்கள் நீங்கியமை எந்நாட்டுப் பற்றாளனுக்கும் மகிழ்ச்சி தருவது. அதில் எனக்கு ஐயமில்லை. ஆயினும் உலகின் சிறந்த இயற்கைத் துறைமுகங்களுள் ஒன்றாகப் பேசப்படும் இத்துறை, நாட்டின் சொத்தான பின் எதற்குப் பயன்பட வேண்டும் என்னும் திட்டம் புரட்சியாளரிடம் இல்லை. புல்மோட்டைக் கனிய மணலும் கந்தளாய்ச் சீனி ஆலையும் அரச கூட்டுத்தாபனங்களாயின. ஆலை 1990களின் தொடக்கத்தில் மூடப்பட்டது. துறைமுகமோ கொழும்பின் நிழலிலே காத்துக் கிடந்தது. தளத்தை நம்பி வாழ்ந்த நகரத்தார், நாட்டுடைமையாகிய துறைக்கு வெறும் பார்வையாளராயினர்.

1987 நவம்பரில் நிறைவேறிய 13ஆந் திருத்தம், தமிழும் அரசகரும மொழி என்றது. மறுவாண்டின் 16ஆந் திருத்தம் அதனை விரித்தது. சட்டத்தில் முப்பத்தோராண்டு கழித்துப் பிழை திருத்தப்பட்டது. நடைமுறை வேறு. என் மாணவரின் பெற்றோர், தமக்கு வந்த சிங்களக் கடிதத்தை எடுத்துக்கொண்டு பொருள் கேட்க மாலையில் என் வீட்டுப் படியேறிய நாள்கள் பல. அவர்களுள் ஒரு மூதாட்டி, தம் கணவரின் காணியைப் பற்றிய கடிதத்துக்கு மறுமொழி கூறும் தவணை முடிந்து ஒன்பது நாட்களின் பின் வந்தார். அவரைக் குற்றங்கூற எனக்கு நா எழவில்லை.

சீனன்குடாவில் ஆங்கிலேயர் கட்டிய எண்ணெய்க் குதங்களுள் எஞ்சியவை 99. 1942 ஏப்பிரல் 9ஆந் திகதி யப்பானிய விமானத் தாக்குதலில் அழிந்ததன் சிதைவு இன்றுங் காணத்தக்கது. 2022 சனவரியில் எழுதப்பட்ட உடன்படிக்கையின்படி 14 குதங்கள் இந்தியன் ஒயிலின் இலங்கைக் கம்பனிக்கும், 24 பெற்றோலியக் கூட்டுத்தாபனத்துக்கும், 61 இரண்டும் பங்கு கொள்ளும் கூட்டுக் கம்பனிக்கும் ஐம்பது ஆண்டுகளுக்கு உரியன. கிழக்கு மாகாண சபையின் ஆயுள் 2017 செப்தெம்பரில் முடிந்திருந்தது. அவ்வுடன்படிக்கையிற் கையொப்பமிட்ட நாளில், இம்மாகாண மக்கள் தெரிந்தெடுத்த சபை என்று கேட்டு அறிவதற்கு ஒன்றும் இருக்கவில்லை.