சாயமும் ஆன்மாவும்

உருவமும் கதையும் இல்லாமல், வெறும் வண்ணத்தால் ஆன்மாவின் போராட்டத்தைச் சொல்ல முடியுமா? முடியும் என்பதற்கு அமெரிக்கக் கலைஞர் ஸ்டான் பிராக்கேஜ் (1933-2003) சான்று. 1987இல் முடித்த 'தாந்தே குவார்ட்டெட்' படத்தை அவர் பிலிம் சுருள்மேலேயே சாயம் பூசித் தீட்டினார். வேலை பிடித்தது 6 வருஷம். படம் ஓடுவது 10 நிமிஷம்கூட இல்லை. வசனமும் கிடையாது, இசையும் கிடையாது. இத்தாலியக் கவி தாந்தேயைத் தொடர்ந்து, நரகத்தில் தொடங்கி, கழுவாய் வழியாக 'இருப்பே இசை' என்ற நாலாம் பகுதியில் முடிகிறது. தம் மணவாழ்வு முறிந்த காலத்தில் நரகப் பகுதியைத் தீட்டியதாக அவரே சொல்லியிருக்கிறார்.

சமணருக்கு இது அந்நிய பாஷை அல்ல. கிருஷ்ணம், நீலம், காபோதம், பீதம், பத்மம், சுக்லம் என லேசியை ஆறு. நாவல் மரக் கதை அன்பர்கள் அறிந்ததுதான்: பசித்த ஆறு பேரில் ஒருவன் மரத்தையே வேரோடு வெட்டணும் என்கிறான், கடைசி ஆள் கீழே விழுந்த பழமே போதும் என்கிறான். பசி ஒன்றுதான், மனசின் நிறம்தான் வேறே.

இந்த நிறம் நிலைத்து நிற்பதில்லை. ஒரு முகூர்த்தம், அதாவது 48 நிமிஷம், முடியுமுன்பே மனிதனுக்கு லேசியை மாறிவிடும் என்பது சித்தாந்தம். பிராக்கேஜின் வண்ணங்களோ கண் இமைக்குமுன் மாறுகின்றன. போராட்டம் ஏணிப்படி அல்ல, ஏறுவதும் சறுக்குவதும்தான் என்பதை அந்தத் துடிப்பே காட்டிவிடுகிறது. வியாக்கியானம் பக்கம் பக்கமாகச் சொல்வதைக் கண் நேரே பிடித்துக்கொள்கிறது.

ஆனாலும் ஓர் ஆட்சேபம் உண்டு. நாலாம் பகுதியிலும் வண்ணமே பொங்குகிறது. சாயம் புத்கலம், வெள்ளையும் சாயமே. சித்தருக்கு லேசியையே இல்லை. தனுவச்சபுரத்திலிருந்து களியக்காவிளை தாண்டிச் சிதறால் மலை ஏறினால், பாறையில் தீர்த்தங்கரர்கள் சாயமும் சலனமும் இன்றி இருக்கிறார்கள். அந்த அமைதி இந்தப் படத்தில் இல்லை.

அதற்காகப் படத்தைத் தள்ளலாமா? கூடாது. முடிவுக்கு அவர் வைத்த பெயர் 'இருப்பு'. 'விடுதலை' என்று அவர் சொல்லவில்லை. அது நேர்மை. பூசிய சாயமே தமக்குப் புற்றுநோய் தந்தது என்று கடைசிக் காலத்தில் அவர் கருதினார். பிராக்கேஜ் காட்டியது கட்டை, வீட்டை அல்ல. கட்டிலே கிடக்கிற நமக்கு, கட்டின் நிறத்தை உள்ளபடி காட்டியவரும் உபகாரிதான்.